ஏலச் சட்டம் அறிந்த சிரஸ்தார்

கவி ரவீந்திரநாத்தின் பாட்டனார் துவாரகநாத் தாகூர் 1794-ல் பிறந்தார். ஆங்கில பாரிஸ்டர் ஒருவரிடம் சட்டம் பயின்று, ஜமீன்தார்களுக்கு வழக்கு யோசனை சொல்லி வந்தார். பின்னர் 24 பர்கானா உப்பு இலாகாவில் சிரஸ்தார் உத்தியோகம். அங்கேயே திவானாகவும் உயர்ந்தார்.

அந்நாளில் வங்காளத்தில் நில வழக்குகளுக்குப் பஞ்சமில்லை. 1793-ம் வருடத்து நிரந்தர நிலவரித் திட்டத்தின் கீழ், கெடு நாளன்று சூரியன் சாய்வதற்குள் கிஸ்தி கட்டாத ஜமீன் ஏலத்துக்கு வந்துவிடும். நோட்டீஸ் முறைப்படி இல்லை, ஏலம் செல்லாது என்று பழைய ஜமீன்தார் வழக்காடுவார். பழைய உள்குத்தகைகள் செல்லாது என்பார் ஏலம் எடுத்தவர். குத்தகைதாரர் கோர்ட்டுக்கு ஓடுவார். தம் ஜமீனையே வேலைக்காரன் பெயரில் ஏலம் எடுத்த சாமர்த்தியசாலிகளும் உண்டு!

இந்தச் சுழலில் காலூன்றிய துவாரகநாத், நாட்டோர் ராஜாக்களுக்கு உரியதாயிருந்த சாஜாத்பூரை ஏலத்தில் எடுத்தார். தம் நிலத்துக்கும் அக்கதி நேரலாம் என்று நினைத்தாரோ என்னவோ, 1840-ல் நான்கு ஜமீன்களைப் பிள்ளைகளுக்காக டிரஸ்ட் எழுதி வைத்தார். 1846-ல் லண்டனில் காலமானார். 1848-ல் அவரது கார் தாகூர் கம்பெனி முறிந்தது. கடன் கொடுத்தவர்கள் டிரஸ்ட் சொத்தைத் தொட முடியாது. மூத்த மகன் தேவேந்திரநாத்தோ அதையும் அவர்கள் முன் வைத்தார். அவர்கள் மனம் இளகியது. கடன் சிறுகச் சிறுக அடைந்தது.