ஒரே படத்தோடு முடிந்த திரைவாழ்வு: மலையாளத்தின் முதல் கதாநாயகி பி.கே. ரோசி

மலையாளத் திரையுலகின் முதல் கதாநாயகி பி.கே. ரோசி. அவர் நடித்தது ஒரே ஒரு படம். அப்படம் திரையிடப்பட்ட நாளோடு அவரது திரைவாழ்வு முடிவுக்கு வந்தது. பிறந்த ஊரில் வாழும் உரிமையும் பறிபோனது.

ராஜம்மா என்ற இயற்பெயருடைய ரோசி, 1903 பிப்ரவரி 10ஆம் தேதி திருவனந்தபுரத்தில் ஏழைப் புலையர் குடும்பத்தில் பிறந்தவர். கூலி வேலைகளுக்கிடையே, தமிழும் மலையாளமும் கலந்து நிகழ்த்தப்படும் காக்காரிசி நாடகங்களில் நடித்து வந்தார்.

அகஸ்தீஸ்வரத்தைச் சேர்ந்த ஜே.சி. டேனியல், தமது நிலத்தை விற்று, முதல் மலையாளப் படமான ‘விகதகுமாரன்’ என்ற மௌனப் படத்தை உருவாக்கினார். இப்படம் வெளியான ஆண்டு 1928 என்றும் 1930 என்றும் இருவேறாகக் குறிக்கப்படுகிறது. பெண்கள் நடிக்க முன்வராத அக்காலத்தில், சரோஜினி என்னும் நாயர் குலப் பெண்ணின் வேடத்தை ரோசி ஏற்றார்.

திருவனந்தபுரம் கேபிடல் திரையரங்கில் நடைபெற்ற முதல் காட்சியைக் காண அவர் அனுமதிக்கப்படவில்லை. ஒடுக்கப்பட்ட சமூகத்துப் பெண் நாயர் பெண்ணாகத் திரையில் தோன்றியதையும், நாயகன் அவரது கூந்தல் மலரை முத்தமிட்டதையும் பொறாத ஆதிக்கச் சாதியினர் திரையின் மீது கல்லெறிந்தனர். பின்னர் அவரது குடிசையும் தீக்கிரையாக்கப்பட்டது.

உயிர் பிழைக்க லாரி ஒன்றில் ஏறி நாகர்கோவில் பகுதிக்குச் சென்ற ரோசி, நாயர் சமூகத்தைச் சேர்ந்த லாரி ஓட்டுநரை மணந்து, தமிழ் மண்ணில் ராஜம்மாளாக வாழ்ந்து மறைந்தார். எந்த வேடத்தைத் திரையில் தாங்கியதற்காகத் தண்டிக்கப்பட்டாரோ, அந்தச் சமூக அடையாளத்துக்குள்ளேயே தம் கடந்த காலத்தை மறைத்து வாழ நேர்ந்தது.

படத்தால் பொருளிழந்த டேனியல் 1975இல் காலமானார். கேரள அரசின் உயரிய திரைப்பட விருது அவர் பெயரில் 1992 முதல் வழங்கப்படுகிறது. ரோசிக்கோ, வாழ்நாளில் எந்தச் சிறப்பும் கிட்டவில்லை. இயக்குநர் கமலின் ‘செல்லுலாய்டு’ (2013) திரைப்படம் அவரது துயரைப் பரவலாக அறியச் செய்தது. 2019இல் கேரளத் திரைத்துறைப் பெண்கள் அவர் பெயரில் திரைப்படக் கழகம் தொடங்கினர். 2023இல், அவரது 120ஆவது பிறந்தநாளன்று, கூகுள் தன் முகப்பில் அவரது சித்திரத்தை வெளியிட்டது.

‘விகதகுமாரன்’ படத்தின் பிரதி எதுவும் எஞ்சவில்லை. ரோசியின் நடிப்பைக் காண இனி எவருக்கும் வழியில்லை. அன்று தம் நடிப்பைத் தாமே திரையில் காண அவருக்கும் வாய்க்கவில்லை.