வாக்குத் தவறாத அனிதா முய்

ஹாங்காங்கில் 1963-இல் பிறந்த அனிதா முய், சிறுமியாக இருந்தபோதே கேளிக்கைப் பூங்கா மேடையில் பாடி, வறிய குடும்பத்துக்குத் துணைநின்றவர். 1982-இல் புதுமுகப் பாடகர் போட்டியில் வென்று, கான்டனீஸ் இசையுலகின் உச்சியை எட்டினார்.

ஸ்டான்லி குவான் இயக்கிய 'ரூஜ்' திரைப்படத்தில், காதலனோடு சேர்ந்து இறக்கத் துணிந்த பெண் அவர். காதலனோ பிழைத்துக்கொள்கிறான். அதை அறியாத அவளது ஆவி, அரை நூற்றாண்டு காத்திருந்து அவனைத் தேடி வருகிறது.

காதலனாக நடித்த லெஸ்லி சியுங் 2003 ஏப்ரலில் மறைந்தார். கருப்பைவாய்ப் புற்றுநோயால் நலிவுற்றிருந்த அனிதா, அவ்வாண்டு நவம்பரில் எட்டு இரவுகள் மேடையேறினார். மணமாகாத அவர், மணக்கோலத்தில் ரசிகர்களிடம் விடைபெற்றார். டிசம்பர் 30-இல், நாற்பதாம் வயதில் காலமானார்.

திரையில் வாக்குத் தவறியவன் காதலன். வாழ்விலோ, நோயைக் காரணம் காட்டிக்கூட அனிதா வாக்குத் தவறவில்லை.