‘சிறு நட்சத்திரம்’ இயற்றிய மானுவேல் போன்ஸே

ஒரு தேசத்தின் பெருமையை அதன் கோட்டைகளாலும் படைகளாலும் அளப்போர் உண்டு. ஆயின் கோட்டைகள் இடிந்து, படைகள் கலைந்து, ஆட்சிகள் பல மாறிய பின்னரும் ஜனங்களின் நாவில் நிலைத்து நிற்பது பாட்டு. மெக்ஸிகோ தேசத்திலே 1912-ம் வருஷத்தில், புரட்சியின் நடுவே, ஸ்பானிய மொழியில் ஒரு சிறு காதற் பாட்டுத் தோன்றியது. அதன் பெயர் ‘எஸ்த்ரெயீத்தா’. ‘சிறு நட்சத்திரம்’ என்பது பொருள். அப் புரட்சியை நடத்திய தளகர்த்தர்களின் பெயரறியாத நாடுகளிலும் அந்தப் பாட்டு இன்றும் ஒலிக்கிறது. பாட்டை அறிந்தவர் பலர். அதை ஆக்கியவரை அறிந்தவர் சிலரே. ஆக்கியவர் மானுவேல் மரியா போன்ஸே என்பவர். அவருடைய சரித்திரம் கலையை நேசிப்போர் யாவரும் அறியத்தக்கது.

போன்ஸே 1882-ம் வருஷம் டிசம்பர் மாதம் 8-ந் தேதி ஸக்காதேக்காஸ் மாகாணத்திலுள்ள பிரெஸ்னீயோ என்னும் ஊரில் பிறந்தார். பன்னிரண்டாவது குழந்தை அவர். பிறந்த சில வாரங்களில் குடும்பம் அகுவாஸ்காலியெந்தேஸ் நகருக்குக் குடிபெயர்ந்தது. அந்நகரையே அவர் தம் சொந்த ஊராகக் கருதி வளர்ந்தார். பியானோ வாத்தியத்தில் அவருக்கு முதற் குரு அவர் தமக்கையார் ஹோசெபீனா. பாலப் பருவத்தில் தட்டம்மை கண்டு படுத்திருந்து எழுந்த அவர், அந்த நோயின் பெயராலேயே ஒரு சிறு உருப்படி அமைத்தாரென்பர். பின்னர் ஊர்க் கோயிலில் பாடும் சிறுவருள் ஒருவராய்ச் சேர்ந்து, வாலிபப் பருவம் எய்துமுன்பே அக் கோயிலின் ஆர்கன் வாசிப்பவராக உயர்ந்தார். கோயிலுக்குள் லத்தீன் கீதம். கோயிலுக்கு வெளியே சந்தையிலும் வயலிலும் குடியானவர் பாட்டு. இவ்விரண்டையும் கேட்டு வளர்ந்த செவி அவருடையது.

தலைநகரில் தேசீய சங்கீதக் கலாசாலையில் சேர்ந்தார், அங்குக் கற்பித்த முறை அவருக்கு நிறைவு தரவில்லை, ஊர் திரும்பினார். கல்வித் தாகம் தணியவில்லை. 1904-ம் வருஷத்தில் கடல் கடந்து இத்தாலி சென்று, பொலோனா நகரில் லூயிஜி தோர்க்கியிடம் பயின்றார். பின்பு ஜெர்மனி சென்று, பெர்லினில் லிஸ்ட் என்னும் பேராசானின் சீடரான மார்ட்டின் கிரௌஸிடம் பியானோ கற்றார். கைப்பொருள் குறைந்ததும் தாயகம் மீண்டார். தம்மை மாணவராக நிறுத்தி வைக்க இயலாத அதே கலாசாலையில் அவர் ஆசிரியராக அமர்ந்தார். பிற்காலத்தில் மெக்ஸிகோவின் சங்கீத உலகில் தலைமை பெற்ற கார்லோஸ் சாவேஸ் இளமையில் இவரிடம் பியானோ கற்றவரே.

அக்காலத்து மெக்ஸிகோவின் நிலை என்ன? போர்பீரியோ தீயாஸ் நெடுங்காலம் நடத்திய ஆட்சியில், செல்வர் மாளிகைகளில் மதிப்புப் பெற்றது இத்தாலிய இசை நாடகமும் பிரெஞ்சு நாகரிகமுமே. சொந்த நாட்டுக் குடியானவனின் பாட்டு மாளிகை வாயிலைத் தாண்டலாகாது. கழுதையோட்டியும் பண்ணையாளும் பாடுவதைக் கற்றோர் பாடுவது இழிவென்று எண்ணினர். 1910-ல் எழுந்த புரட்சி அந்த ஆட்சியைச் சாய்த்தது. ஆட்சி சாய்ந்த மாத்திரத்தில் அடிமை மனம் சாயுமா? சாயாது. அதை மாற்றும் வேலை கலைஞனுக்கு உரியது. போன்ஸே அந்த வேலையை ஏற்றார்.

அவர் ஊர்ப்புறப் பாட்டுக்களைத் தேடிச் சேகரித்தார். ‘வாலென்தீனா’ முதலிய பாட்டுக்களுக்கு, ஐரோப்பாவில் தாம் கற்ற நுட்பமெல்லாம் கூட்டிப் பியானோ இசை அமைத்தார். 1913-ம் வருஷத்தில் மெக்ஸிகோவின் இசையையும் பாட்டையும் குறித்து ஒரு பிரசங்கம் செய்தார். தன் நாட்டின் பாட்டைப் பேணி உயர்த்துவது இசைவாணனின் கடமை என்பது அதன் சாரம். நகைத்தோர் இருந்தனர். மேல்நாட்டு முறை முற்றக் கற்றவர் பண்ணைப் பாட்டைச் சுமந்து திரிவதேன் என்று கேட்டனர். அவர் வாதாடிப் பொழுது போக்கவில்லை, தொடர்ந்து எழுதினார்.

அந்த உழைப்பின் நடுவே பிறந்ததே ‘எஸ்த்ரெயீத்தா’. அதே 1912-ம் வருஷத்தில் அவருடைய பெரிய பியானோ கச்சேரி உருப்படியொன்று ஹூலியான் கர்ரீயோவின் தலைமையில் அரங்கேறியது. அதைக் கேட்டு அறிஞர் பாராட்டினர். உலகம் பற்றிக்கொண்டதோ அச் சிறு பாட்டையே. சொல்லும் அவருடையது, இசையும் அவருடையது. காதலால் வருந்தும் உள்ளம் தொலைவிலுள்ள ஒரு விண்மீனை விளித்துத் தன் நிலையைச் சொல்லி விடை கேட்கிறது, அவ்வளவே பொருள். அதில் காதலியின் பெயரில்லை; ஊரின் பெயரில்லை. ஆகவே எந்த ஊரிலும் எந்த உள்ளமும் அதைத் தன் பாட்டாகக் கொள்ள இடமுண்டு. சொல் எளிமையானது, இசையோ உயரச் சென்று மெல்ல இறங்குவது, நல்ல சாரீரமுடையாருக்குச் சோதனையும் ஆவது, கேட்பவர் முணுமுணுக்கவும் இசைவது. இத்தாலியில் கற்ற நளினமும் மெக்ஸிகோ மண்ணின் ஏக்கமும் அதில் பிரித்தறிய ஒண்ணாதபடி கலந்து நிற்கின்றன. அது புலவன் ஒருவன் செய்த பாட்டன்று, ஊரார் வழிவழியாகப் பாடி வந்த நாடோடிப் பாட்டே என்று பலர் நம்பினர். ஒரு கவிக்கு இதனினும் பெரிய புகழ் வேறென்ன?

புகழ் வந்தது, பொருள் வரவில்லை. பாட்டின் உரிமையை அவர் முறைப்படி பதிவு செய்து காத்துக் கொள்ளவில்லை. பாட்டு அயல்நாடுகளில் அச்சாயிற்று, இசைத்தட்டுக்களில் ஏறிற்று, நாடக மேடைகளிலும் விருந்து மண்டபங்களிலும் முழங்கிற்று. விற்றவர் லாபம் அடைந்தனர். ஆக்கியவருக்கு உரிய பங்கு கிட்டவில்லை. கலைஞனின் உழைப்பைச் சட்டம் காவாதபோது, ஜனங்களின் அன்பு ஒன்றே அவனுக்குக் கூலியாகிறது. அன்பு பெரிதே, ஆயின் அன்பைக் கொண்டு வாடகை கொடுக்க இயலாது. இதைப் புகழ்பெற்ற பாட்டுக்களைக் கேட்டு மகிழ்வோர் மறத்தலாகாது.

நாட்டில் குழப்பம் மிகவே, 1915-ல் போன்ஸே கியூபாவிலுள்ள ஹவானா நகரில் அடைக்கலம் புகுந்தார். அங்கும் அவர் செவி சும்மா இருக்கவில்லை. கியூபா ஜனங்களின் இசையைக் கேட்டு அதன் சாயலில் உருப்படிகள் இயற்றினார். 1916-ம் வருஷம் மார்ச்சு மாதம் நியூயார்க் நகரில் தம் உருப்படிகளைத் தாமே வாசித்துக் கச்சேரி நடத்தினார். அதற்குச் சில வாரங்களுக்கு முன்னர்த்தான் பான்சோ வியாவின் படையினர் எல்லை கடந்து அமெரிக்க ஊரொன்றைத் தாக்கியிருந்தனர். மெக்ஸிகோ என்ற பெயரே அங்குக் கசந்திருந்த வேளை அது. கச்சேரி வெற்றி பெறவில்லை. 1917-ல் தாயகம் திரும்பி, பாடகியாகிய கிளெமென்தீனா மௌரெல் அம்மையாரை மணந்தார். தேசீய வாத்தியக் குழுவின் தலைவராகவும் சிலகாலம் பணி புரிந்தார்.

1923-ல் ஆந்திரேஸ் ஸெகோவியா என்னும் ஸ்பானிய கிதார் வித்வான் மெக்ஸிகோ வந்தார். இருவர்க்கும் ஏற்பட்ட நட்பு ஆயுள் முழுதும் நீடித்தது; கிதார் வாத்தியத்துக்குப் பெரிய ஆஸ்தி ஒன்று அந்த நட்பினால் கிட்டியது. ஸெகோவியா வாசிப்பதற்கென்று அவர் ஒன்றன்பின் ஒன்றாக எழுதினார். அவற்றுட் சில, பழைய ஜெர்மானிய வித்வான் வைஸின் பெயரால் வாசிக்கப்பட்டன. கேட்டோர் அவற்றைப் பழமையானவையென்றே நம்பினர். தம் பெயர் முன் நிற்கவேண்டும் என்ற ஆசை இல்லாதவர்க்கன்றோ இது கூடும்?

1925-ல், நாற்பத்திரண்டு வயதில், பாரிஸுக்குச் சென்று பால் டூக்காஸ் என்பவரிடம் மீண்டும் மாணவரானார்! பேரும் புகழும் பெற்ற ஆசிரியர் இளைஞரோடு பெஞ்சியில் அமர்ந்து கற்றார். ஸ்பானிய மொழியில் ஒரு சங்கீதப் பத்திரிகையும் அங்கிருந்து நடத்தினார். 1933-ல் நாடு திரும்பிக் கலாசாலையின் தலைமை ஏற்றார்; சர்வகலாசாலையில் நாட்டுப் பாட்டுக்களைப் பாடமாகக் கற்பித்தார். ஒருகால் வாயிலில் நிறுத்தப்பட்ட பாட்டு, இப்பொழுது கல்விச்சாலையினுள் ஆசனம் பெற்றது.

நோய் அவரை வருத்திய காலத்திலும் எழுதுகோல் ஓயவில்லை. கிதாருக்கும் வாத்தியக் குழுவுக்குமாக அவர் எழுதிய ‘தென்திசைக் கச்சேரி’ 1941-ல் மான்டிவிடியோ நகரில் அரங்கேறியது. ஸெகோவியா வாசிக்க, போன்ஸே குழுவை நடத்தினார். 1943-ல் ஹென்ரிக் ஷெரிங் அவருடைய பிடில் கச்சேரி உருப்படியை அரங்கேற்றினார். அதன் நடுப் பகுதியில் கேட்போர்க்கு ஒரு வியப்புக் காத்திருந்தது. முப்பது வருஷங்களுக்கு முன் கையை விட்டுப் போன ‘எஸ்த்ரெயீத்தா’ அங்கே மீண்டும் எழுந்தது. வழக்காடி மீட்க இயலாத தம் மகவை அவர் இசையால் மீட்டு அணைத்துக்கொண்டார்.

1947-ம் வருஷத்துக்குரிய தேசீயக் கலைப் பரிசை மெக்ஸிகோ அரசாங்கம் அவருக்கு அளித்தது. சங்கீத வித்வான்களுள் அதை முதலில் பெற்றவர் அவரே. 1948-ம் வருஷம் ஏப்ரல் 24-ந் தேதி அவர் காலமானார். தேசத்தின் சான்றோர் துயிலும் இடத்தில் அவர் உடல் அடக்கம் செய்யப்பெற்றது.

பாட்டோ அடங்கவில்லை. ஹைபெட்ஸ் அதைப் பிடிலுக்கு அமைத்து உலகெங்கும் பரப்பினார். 1952-ல் நீக்ரோ வித்வானாகிய சார்லி பார்க்கர் தம் ஸாக்ஸபோனில் அதை ஜாஸ் முறையில் வாசித்தார். மேடைக்கு மேடை உடை மாறினும் உயிர் மாறவில்லை. காரணம் யாது? போன்ஸே உலகத்தைக் கவர வேண்டுமென்று அதை எழுதவில்லை. தம் மண்ணின் எளிய ஏக்கத்தை எளிமை கெடாமல், ஆனால் முழுக் கல்வியோடும் உரைத்தார். தன் வீட்டு விளக்கைத் தூண்டி வைத்தவன் ஒளி தெருவுக்கும் செல்லும். அவர் ஏற்றிய சிறு நட்சத்திரம் அவர் பெயரையும் கடந்து ஒளிர்கிறது. அந்த ஒளியில் மகிழ்வோர், ஏற்றியவர் பெயரையும் ஒருமுறை நினைப்பார்களாக.