காட்டு பாவா

மக்கள் அஞ்சும் பொருள்களுள் தலையாயது சாவு. அவ்வச்சத்தை வென்று, பிறர் உயிரைக் காக்கத் தம் உயிரை ஈந்தவர் பாவா பக்ருத்தீன் என்னும் பெரியார். காட்டில் வாழ்ந்தமையால் மக்கள் அவரைக் காட்டு பாவா என்று அன்புடன் அழைக்கலாயினர்.

பாவா 17-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்தவர் என்பர். நாகூரில் அடங்கியுள்ள சாகுல் அமீது ஆண்டவரின் மரபில் தோன்றியவர் என்பதும் வழிவழி வரும் செய்தியாகும். உலகப் பற்றைத் துறந்த அவர், இன்றைய புதுக்கோட்டை மாவட்டத்தில், திருமயத்தை அடுத்திருந்த காட்டில் தங்கி இறைவனை வழிபட்டு வந்தார். அந்நாளில் அக்காட்டு வழியே செல்வோர் கள்வர்க்கு அஞ்சியே செல்வர்.

ஒரு நாள் அந்தணப் பெண்கள் சிலர் அவ்வழியே சென்றனர். கள்வர் அவர்களை வளைத்துக்கொண்டனர். அதனை அறிந்தார் பாவா. அவரோ தனியர், கள்வரோ பலர். அப்பெண்கள் அவருக்கு உற்றாரும் அல்லர். அவர்தம் சமயத்தினரும் அல்லர். அவர் ஒதுங்கியிருந்தால் அவருயிர்க்கு ஊறு நேர்ந்திராது. எனினும், அவர் அஞ்சாது சென்று கள்வரை எதிர்த்து நின்றார். பெண்கள் பிழைத்தனர், பாவா வெட்டுண்டு உயிர் நீத்தார். அவ்வட்டார மக்கள் அவர் வரலாற்றை இவ்வாறு கூறுவர்.

இத்துணிவுக்கு அடிப்படை யாது? அவர் பின்பற்றிய சமயத்தின் நெறியே அது. ஒருவர் இறந்தார் என்று கேட்டவுடன் இஸ்லாமியர் அரபுமொழித் தொடர் ஒன்றைச் சொல்வர். நாம் இறைவனுக்கே உரியவர், அவனிடமே திரும்பிச் செல்பவர் என்பது அதன் கருத்து. உயிர் நம் உடைமை அன்று; அது இறைவன் தந்த அடைக்கலப் பொருள். அதனைத் தந்தவன் திரும்பப் பெறும்போது மனம் குமுறுதல் தகாது. பிரிவால் கண்ணீர் பெருகுதல் இயல்பே. அதனை அச்சமயம் விலக்கவில்லை. மார்பில் அறைந்துகொண்டு ஓலமிடுதலையே விலக்குகிறது. துன்பத்தைத் தாங்கும் பொறுமையைச் சபுர் என்று போற்றுகிறது. அரசராயினும் ஏழையாயினும் இறந்தார் உடலை நீராட்டி, தையல் இல்லாத எளிய துணியால் போர்த்து, வரிசையாக நின்று தொழுது, மண்ணில் அடக்கம் செய்வர்.

ஆயினும், தமக்கு வரும் இறப்பை அமைதியாக ஏற்பது வேறு. பிறர் அழியக் கண்டு வாளா இருப்பது வேறு. முன்னது பொறுமை, பின்னது கோழைமை. பாவா இவ்வேறுபாட்டைத் தம் வாழ்வால் விளக்கினார்.

திருமயத்திலிருந்து மதுரைக்குச் செல்லும் சாலையில் அவர் அடக்கம் பெற்ற இடம் உள்ளது. அதனைக் காட்டுபாவா பள்ளிவாசல் என்பர். அங்கு ஆண்டுதோறும் உரூசு விழா நடைபெறுகிறது. உரூசு என்னும் அரபுச் சொல்லுக்குத் திருமணம் என்பது பொருள். இறையடியார் இறந்த நாள் இறைவனோடு கூடிய நாள் ஆதலின், அது துயர நாளாகாமல் திருநாளாகிறது. இஸ்லாமியரேயன்றி இந்துக்களும் அங்குச் சென்று வழிபடுகின்றனர். சமய வேற்றுமை பாராது உயிர் கொடுத்த பெரியாரைச் சமய வேற்றுமை பாராது மக்கள் போற்றுவது பொருத்தமே அன்றோ!