வெள்ளைக்காரரை வியக்க வைத்த வலங்கைமான் தமிழர்

சென்னைக்கு வடக்கே பழவேற்காடு ஏரி இருக்கிறது. ஏரிக்கரை நெடுக மீனவர் குப்பங்கள். 'பழவேற்காடு' என்று சொல்ல வெள்ளைக்காரருக்கு வாய் வரவில்லை. 'ழ' அவர்கள் நாக்கில் ஏறவில்லை. 'புலிகாட்' ஆக்கிவிட்டார்கள்! ஆங்கிலத்தில் இன்றும் அதுதான் பெயர்.

நம் ஊர்ப் பெயர் அவர்கள் வாயில் சிதைந்தது. ஆனால், அவர்கள் மொழியை அவர்களே வியக்கும்படி பேசினார் ஒரு தமிழர். அவர்தான் மகாகனம் சீனிவாச சாஸ்திரியார்!

1869-ம் ஆண்டு, கும்பகோணத்தை அடுத்த வலங்கைமானில், ஏழைப் புரோகிதர் வீட்டில் பிறந்தார். கும்பகோணத்தில் படித்தார். ஆசிரியர் வேலைக்குப் போனார். திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியில் தலைமை ஆசிரியராக உயர்ந்தார்.

ஆங்கில உச்சரிப்பு எளிதா? தமிழில் உயிர் எழுத்து 12. எழுதியபடியே படிக்கலாம். ஆங்கிலத்தில் உயிர் எழுத்து ஐந்தே ஐந்து. உயிர் ஒலிகளோ சுமார் 20! 'யு' என்ற ஒரே எழுத்து, 'பஸ்' என்னும்போது 'அ' போல ஒலிக்கும். 'ஃபுல் டிக்கெட்' என்றால் 'உ' ஆகும். 'ரூல்' என்றால் 'ஊ' ஆகும். எழுத்தை நம்பினால் ஏமாந்து போவோம். ஒவ்வொரு சொல்லையும் காதால் கேட்டு, அகராதியைப் பார்த்துப் பழக வேண்டும்.

சாஸ்திரியார் அப்படித்தான் பழகினார். இங்கிலாந்துக்குப் போய் அல்ல, தமிழ்நாட்டில் இருந்தபடியே! சீமைக்கு அவர் போனபோது வயது ஏறக்குறைய ஐம்பது.

அந்த நாவன்மையை அவர் தமக்காகச் செலவிடவில்லை. 1907-ல் கோகலேயின் இந்திய ஊழியர் சங்கத்தில் சேர்ந்தார். 1921-ல் லண்டன் மாநாட்டில், கடல் கடந்து வாழும் இந்தியருக்குச் சம உரிமை கேட்டார். 1927-ல் இந்திய அரசின் முதல் பிரதிநிதியாகத் தென்னாப்பிரிக்கா சென்றார். அங்கே தமிழர் உள்ளிட்ட இந்தியரைக் 'கூலி' என்று இழிவாக அழைத்த காலம் அது. தலைப்பாகையுடன் மேடை ஏறி அவர் பேசினார். வெள்ளையரும் கூடிவந்து கேட்டார்கள். கொடிய சட்டங்கள் அவர் பேச்சால் ஒழிந்துவிடவில்லை. ஆனால், அவர் முயற்சியால் டர்பனில் இந்தியப் பிள்ளைகளுக்குச் 'சாஸ்திரி கல்லூரி' எழுந்தது.

காந்தியடிகளின் சுயசரிதையுடைய ஆங்கில மொழிபெயர்ப்பைத் திருத்திக் கொடுத்தவரும் இவரே. ஆனால், தம் பெயரை வெளியிட அவர் இசையவில்லை. 1946-ல் காலமானார்.

பழவேற்காட்டுக் குப்பத்துப் பிள்ளை ஆங்கிலம் படிக்கும்போது நாக்குத் தடுமாறலாம். அதற்கு வெட்கம் எதற்கு? 'ழ' வராத வெள்ளைக்காரர் வெட்கப்பட்டாரா? கேட்டுக் கேட்டுப் பழகினால் வராத ஒலியும் வரும். வலங்கைமான் பிள்ளைக்கு வந்ததே!