ரசிகைகள் கொண்டாடிய ஹீரோ... ஆனா படத்தில் ஜோடி சேர முடியாது! யார் இந்த செசூ ஹயகாவா?

படங்கள் பேசத் தொடங்காத காலம் அது. 100 வருஷத்துக்கு முன்னாடியே ஹாலிவுட்டில் ஒரு ஜப்பானியர் முன்னணி நட்சத்திரமாக இருந்தார். பெயர் செசூ ஹயகாவா.

கைநழுவிய கடற்படை

1886-ல் ஜப்பானின் சிபா பகுதியில் பிறந்தவர். இயற்பெயர் கின்டாரோ. அவர் கடற்படை அதிகாரியாக வேண்டும் என்பது குடும்பத்தின் ஆசை. காதில் ஏற்பட்ட பாதிப்பால் அது நடக்கவில்லை. அமெரிக்கா போனவர், லாஸ் ஏஞ்சலீஸில் ஜப்பானியர் வாழ்ந்த பகுதியில் நாடகம் போட்டார். அங்கிருந்து தயாரிப்பாளர் தாமஸ் இன்ஸ் அவரை சினிமாவுக்குக் கொண்டுவந்தார். 1914-ல் நடிகை சுரு அயோகியைத் திருமணம் செய்துகொண்டார்.

திருப்புமுனை எது?

1915-ல் வெளியான 'தி சீட்'. இயக்கம், செசில் பி டிமில். திருமணமான வெள்ளைக்காரப் பெண்ணுக்குக் கடன் கொடுத்து, அவள் தோளில் சூடு போடும் கொடூர வில்லன் ரோல். ஆனா நடந்ததே வேற. மற்றவர்கள் கையையும் காலையும் ஆட்டி நடித்தபோது, இவர் முகத்தை அசைக்காமல் கண்ணாலேயே மிரட்டினார். வெள்ளைக்கார ரசிகைகள் கொண்டாடித் தீர்த்தார்கள். அமெரிக்காவில் இருந்த ஜப்பானியர்களோ கொதித்துப் போனார்கள். அதனால் 1918-ல் மறுபடியும் ரிலீஸானபோது, அந்த வில்லன் பர்மாக்காரர் ஆக்கப்பட்டார்.

என்ன சிக்கல்?

கலிபோர்னியாவில் வெள்ளையரும் ஆசியரும் கல்யாணம் செய்ய அப்போது சட்டமே இடம் தரவில்லை. திரையிலும் அதே கதைதான். ஒன்று வில்லனாக இருக்கணும், இல்லைன்னா காதலியை விட்டுக்கொடுக்கணும், அதுவும் இல்லைன்னா செத்துப் போகணும்.

சொந்தமாகத் தொடங்கிய கம்பெனி

இதிலிருந்து வெளியே வர 1918-ல் ஹாவர்த் பிக்சர்ஸ் நிறுவனத்தைத் தொடங்கினார். 1919-ல் வந்த 'தி டிராகன் பெயின்டர்' படத்தில் அவர் ஓவியர், மனைவி சுரு அயோகிதான் நாயகி. கடைசியில் ஜோடி சேர்கிறது! ஆனா ஜப்பானியர் மீதான வெறுப்பு அமெரிக்காவில் வளர்ந்துகொண்டே போனது. 1922-ல் ஹாலிவுட்டை விட்டுக் கிளம்பினார்.

ஆஸ்கர் வரை

இரண்டாம் உலகப் போரின்போது பாரிஸில் மாட்டிக்கொண்டவர், ஓவியங்களை விற்றுப் பிழைத்தார். 1949-ல் 'டோக்கியோ ஜோ' மூலம் ஹாலிவுட் மறுபடி அழைத்தது. அடுத்து 1957-ல் 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்'. இலங்கையின் கித்துல்கலயில் படமாக்கப்பட்ட இதில், போர்க்கைதிகளை வதைக்கும் கர்னல் சைட்டோவாக நடித்தார். சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. விருது கிடைக்கவில்லை.

பின்னாளில் ஜென் துறவியான ஹயகாவா, 1973-ல் டோக்கியோவில் காலமானார்.

ஹாலிவுட் அவரை முதலில் தூக்கிவிட்டதும் கொடூரமான ரோலுக்காக, கடைசியில் பாராட்டியதும் அதே மாதிரி ரோலுக்காகத்தான். காதலில் ஜெயிக்கும் ஹீரோவாக நடிக்க, அவர் சொந்தக் கம்பெனியே தொடங்க வேண்டியிருந்தது. அந்த 'டிராகன் பெயின்டர்' 2014-ல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இடம்பிடித்தது.