ரஹீம் சாகிப் கண்ட பரம்பரை

வடசென்னையில் பரம்பரை என்னும் சொல்லுக்கு அகராதி தராத பொருளொன்று உண்டு. இராயபுரத்திலும் காசிமேட்டிலும் அச்சொல்லைக் கேட்போர் குலமரபை நினைப்பதில்லை, குத்துச்சண்டையை நினைப்பர். சார்பட்டாப் பரம்பரை, இடியாப்ப நாயக்கர் பரம்பரை, எல்லப்ப செட்டியார் பரம்பரை என்று பெரியவர்கள் அடுக்கும்போது அங்கே இரத்த உறவுக்கு இடமில்லை. வாத்தியாரிடம் கற்றவன் அவர் பரம்பரைக்காரன். அவர் கற்பித்த அடியைத் தன் கையில் சுமந்து மேடையேறுகிறான். வென்றாலும் தோற்றாலும் அது பரம்பரையின் கணக்கில் சேரும். இந்தியக் கால்பந்தில் இந்தப் பொருளில் ஒரு பரம்பரையை உண்டாக்கியவர் யார் என்று கேட்டால் முதலில் சொல்ல வேண்டிய பெயர் ஐதராபாத்தின் சையத் அப்துல் ரஹீம். அவரும் வாத்தியார்தாம், பள்ளிக்கூடத்து வாத்தியார்.

1909ஆம் ஆண்டு ஆகஸ்டு 17ஆம் நாள், நிஜாம் ஆட்சியில் இருந்த ஐதராபாத்தில் பிறந்தார். உஸ்மானியாப் பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்று, காச்சிகுடா, சாதர்காட் முதலிய இடங்களின் பள்ளிகளில் ஆசிரியராகப் பணியாற்றினார். உடற்கல்வியில் பட்டயமும் பெற்றார். இளமையில் தாமும் கால்பந்து ஆடியவர்; எனினும் ஆடியவர் என்பதற்காக அவரை யாரும் நினைப்பதில்லை. 1943இல் ஐதராபாத் கால்பந்துக் கழகத்தின் செயலாளர் ஆனார். இறக்கும்வரை அப்பொறுப்பு அவரிடமே இருந்தது. 1950இல் ஐதராபாத் நகரக் காவல்துறை அணியின் பயிற்சியாளர் ஆனதுதான் அவர் வாழ்வின் திருப்பம்.

காவல்துறை அணி என்றதும் லத்தி பிடித்த காவலர்கள் மாலையில் பொழுதுபோக்காகப் பந்து உதைத்தார்கள் என்று கொள்ளலாகாது. அந்நாளில் நல்ல ஆட்டக்காரனுக்கு ஒரு நிறுவனம் வேலை கொடுக்கும். அவன் அந்நிறுவனத்துக்காக ஆடுவான். துறைமுகத்திலும் பெரம்பூர் ரயில்பெட்டித் தொழிற்சாலையிலும் பந்தாட்டத்தால் வேலை பெற்றவர்களை அறிந்த வடசென்னைக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மாதச் சம்பளம் என்ற ஒன்று இல்லாவிடில் ஏழைவீட்டுப் பிள்ளை இருபத்திரண்டு வயதுக்குமேல் பந்தைத் தொடமாட்டான். ரஹீம் கட்டிய மாளிகைக்கு அடித்தளம் இட்டது அந்தச் சம்பளம். வாழ்க்கை வரலாறு எழுதுவோர் இதைப் பெரும்பாலும் சொல்லாமல் விட்டுவிடுகின்றனர்.

அக்காலத்தில் இந்தியக் கால்பந்து என்றால் கல்கத்தா. மோகன் பகான், கிழக்கு வங்கம், முகமதியர் விளையாட்டுக் கழகம் ஆகிய மூன்றையும் தாண்டி ஒரு தென்னகத்து அணி தலைதூக்கும் என்று எவரும் எதிர்பார்க்கவில்லை. பம்பாயில் அந்நாளில் நடைபெற்றுவந்த ரோவர்ஸ் கோப்பையை ஐதராபாத் காவல்துறை 1950இல் வென்றது. அடுத்த ஆண்டும் வென்றது. 1954 வரை ஐந்து ஆண்டுகள் தொடர்ந்து அக்கோப்பை ஐதராபாத்தை விட்டு அகலவில்லை. 1888இல் தொடங்கிய தூரந்த் கோப்பையையும் 1950, 1954, 1957, 1961 ஆகிய ஆண்டுகளில் அவ்வணி கைக்கொண்டது. கடைசி வெற்றியின்போது மாநிலம் மாறி அதன் பெயர் ஆந்திரக் காவல்துறை ஆகியிருந்தது. நூர் முகமது, அசீசுதீன், லாயிக், பேட்ரிக் போன்ற பெயர்கள் அன்று கல்கத்தாச் சிறுவர்களுக்கும் மனப்பாடம்.

இந்த வெற்றிகளுக்குப் பின்னே இருந்த முறை எளிமையானது, அதனாலேயே கடினமானது. பந்தைக் காலிலேயே வைத்துக்கொண்டு நால்வரை ஏய்த்துச் செல்பவனுக்குத்தான் அந்நாளில் கைதட்டல் கிடைக்கும். ரஹீமுக்கு அக்கைதட்டலில் நம்பிக்கை இல்லை. வந்த பந்தை ஒரு தொடுதலில், மிஞ்சினால் இரண்டு தொடுதலில், அடுத்தவனுக்கு அனுப்பிவிட வேண்டும் என்பது அவர் விதி. அதைப் பழக்க, பந்தை ஏய்த்துச் செல்வதையே விலக்கிய போட்டிகளை ஐதராபாத்தில் நடத்தினார். வலக்கால் பழக்கமுள்ளவன் இடக்காலால் மட்டுமே உதைக்கலாம் என்ற போட்டிகளும் உண்டு. தளைதட்டாமல் எழுதிப் பழகிய பின்னரே யாப்பை மறந்து எழுத முடியும் என்பதை அறிந்த கவிஞர்களுக்கு இவ்விதிகளின் உட்பொருள் உடனே விளங்கும். வேண்டாத சொல்லை நீக்குவதுபோல் அவர் வேண்டாத தொடுதலை நீக்கினார்.

உலகின் போக்கையும் அவர் கவனித்துவந்தார். 1953இல் அங்கேரி அணி இலண்டனில் இங்கிலாந்தை 6-3 என வீழ்த்தியபோது, நடு முன்கள ஆட்டக்காரர் பின்வாங்கி நின்று ஆடிய உத்தி ஐரோப்பாவைத் திகைக்க வைத்தது. அதே உத்தி சில ஆண்டுகளுக்குள் ரஹீமின் அணிகளில் காணப்பட்டது. பிரேசில் 1958இல் உலகறியச் செய்த 4-2-4 அமைப்பை அவர் அதற்கு முன்பே ஆடவைத்தார் என்றும் கால்பந்து எழுத்தாளர் பலர் கூறுவர்.

ஆட்டக்காரரைக் கண்டெடுப்பதில் அவருக்கு ஆசிரியரின் கண் இருந்தது. செகந்திராபாத்தை அடுத்த அம்முகூடா என்னும் சிற்றூரில், தமிழ் பேசும் ஏழைக் குடும்பத்தில் பிறந்த துளசிதாஸ் பலராமன் என்ற இளைஞர் அவர் கண்ணில் பட்டார். பயிற்சிக்கு நாள்தோறும் நகரத்துக்கு வரச் சொன்னபோது, வழிச்செலவுக்குப் பணமில்லை என்று அவ்விளைஞர் தயங்கினார். வாடகைச் சைக்கிள் எடுத்துவர நாளொன்றுக்கு ஒரு ரூபாய் தாமே கொடுத்தார் ரஹீம். பள்ளி ஆசிரியரின் அன்றைய வருவாயில் அது சிறுதொகை அன்று. அந்தச் சைக்கிளில் வந்தவர்தாம் 1956, 1960 ஒலிம்பிக் அணிகளில் இடம்பெற்றார். ரோம் நகரில் அங்கேரிக்கு எதிராகக் கோல் அடித்தார். அதே வட்டாரத்திலிருந்து சென்னை ரெஜிமெண்டில் சேர்ந்த கோல்காப்பாளர் பீட்டர் தங்கராஜ், 1955இலும் 1958இலும் தூரந்த் கோப்பை வென்ற வெலிங்டன் படைப்பிரிவு மையத்து அணியின் தூண்.

தேசிய அணியின் பயிற்சியாளராக ரஹீம் கண்டவை ஏற்றமும் இறக்கமும் கலந்தவை. 1951இல் தில்லியில் நடந்த முதல் ஆசிய விளையாட்டில் ஈரானை 1-0 என வென்று தங்கம் பெற்றது இந்தியா. மறு ஆண்டே எல்சிங்கியில் குளிரில் வெறுங்காலுடன் ஆடி யுகோஸ்லாவியாவிடம் 1-10 எனத் தோற்றது. அத்தோல்விக்குப் பின்னரே காலணி கட்டாயமாயிற்று. 1956 மெல்போர்னில் அங்கேரி தன் நாட்டுக் கிளர்ச்சியால் விலகிக்கொள்ள, இந்தியா ஆஸ்திரேலியாவை 4-2 என வென்றது. பம்பாயின் நெவில் டிசோசா மூன்று கோல்கள் அடித்தார். ஒலிம்பிக் கால்பந்தில் அரையிறுதிக்கு வந்த முதல் ஆசிய அணி அது. அரையிறுதியில் முதல் கோலும் இந்தியாவுடையதே. இறுதியில் கிடைத்தது நான்காம் இடம்.

கடல்கடந்த ஓர் ஒப்புமையை இங்கே சொல்லலாம். அமெரிக்காவில் முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஆடும் அந்நாட்டுக் கால்பந்தில் வின்ஸ் லொம்பார்டி என்றொரு பயிற்சியாளர் இருந்தார். அவரும் பள்ளியில் வேதியியலும் இலத்தீனும் கற்பித்தவர். கிரீன் பே என்ற சிறுநகரத்து அணியை 1961 முதல் 1967 வரை ஏழாண்டுகளில் ஐந்து முறை நாட்டின் முதல் அணியாக்கியவர். அவரும் 1970இல் புற்றுநோய்க்கு இரையானவர். அங்கே வெற்றிபெறும் அணிக்கு அவர் பெயரால் கோப்பை வழங்குகிறார்கள்.

1962இல் ஜகார்த்தாவுக்குப் புறப்பட்டபோது ரஹீமின் நுரையீரலைப் புற்றுநோய் அரித்துக்கொண்டிருந்தது. தொடக்க ஆட்டத்திலேயே தென்கொரியாவிடம் 0-2 எனத் தோல்வி. பின்னர்த் தாய்லாந்தையும் ஜப்பானையும் வென்று தேறியது அணி. ஆனால் பின்களத் தூணான ஜர்னைல் சிங் தலையில் அடிபட்டுத் தையல் போடும்படி ஆயிற்று. அவரை உட்காரவைக்க வேண்டிய இடத்தில் ரஹீம் யாரும் நினையாத ஒன்றைச் செய்தார். தலைக்கட்டோடு அவரை முன்களத்தில் நிறுத்தினார். அரையிறுதியில் தென்வியட்நாமுக்கு எதிரான 3-2 வெற்றியில் ஜர்னைலும் ஒரு கோல் அடித்தார்.

ஆட்டத்துக்கு வெளியே வேறொரு நெருப்பு மூண்டிருந்தது. இஸ்ரேலையும் தைவானையும் விளையாட்டுகளுக்கு அழைக்காததை இந்தியாவின் ஜி. டி. சோந்தி கண்டித்ததால், இந்தோனேசிய மக்களின் சினம் இந்தியர் எல்லார்மேலும் திரும்பியது. இந்தியத் தூதரகம் தாக்கப்பட்டது. இறுதியாட்டத்துக்கு முன்னிரவு உறக்கம் வராமல் வெளியே நடந்துகொண்டிருந்த ஆட்டக்காரர்களை ரஹீம் சந்தித்தார். நாளை ஒரு பரிசு வேண்டும், தங்கம் வேண்டும் என்று மட்டும் கேட்டார். அவர்கள் அதை முதுமையிலும் நினைவுகூர்ந்தனர். தம் நோயைப் பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை.

செப்டம்பர் 4ஆம் நாள், ஏறத்தாழ ஒரு லட்சம் பேர் நிறைந்த அரங்கில் இந்திய நாட்டுப்பண் கூச்சலில் மூழ்கியது. பாகிஸ்தானின் ஹாக்கி ஆட்டக்காரர்கள் மட்டும் இந்தியாவுக்காகக் குரல் கொடுத்தனர் என்பது வரலாற்றின் விந்தைகளுள் ஒன்று. முதலில் தோற்கடித்த அதே தென்கொரியாவே எதிரில். காய்ச்சலால் முந்தைய ஆட்டங்களில் இறங்காத தங்கராஜைக் கொரியர்களின் உயரப் பந்துகளைத் தடுக்கக் கோல்முனையில் நிறுத்தினார் ரஹீம். பதினேழாம் நிமிடத்தில் பி. கே. பானர்ஜி, இருபதாம் நிமிடத்தில், தையல் போட்ட தலையுடன், ஜர்னைல் சிங். கொரியா கடைசிக் கட்டத்தில் ஒன்றைத் திருப்பியது. ஆட்டம் 2-1 என முடிந்தது.

ஒன்பது மாதங்களில், 1963 ஜூன் 11ஆம் நாள், ரஹீம் காலமானார். வயது ஐம்பத்து மூன்று. அவ்வாண்டு ரோவர்ஸ் கோப்பையை ஆந்திரக் காவல்துறை மீண்டும் வென்றது. அதுவே அவ்வணி வென்ற கடைசி ரோவர்ஸ். பலராமனும் அவ்வாண்டே நுரையீரல் நோயால் ஆட்டத்தை நிறுத்தினார். ஐதராபாத்தின் நயீமுதீன் தலைமையில் 1970 பாங்காக்கில் வெண்கலம் கிடைத்தது. ஆசிய விளையாட்டில் கால்பந்துத் தங்கம் அதன்பின் இந்தியாவுக்கு வரவில்லை. ஒலிம்பிக் கால்பந்தில் 1960க்குப் பிறகு இந்தியா ஆடவேயில்லை. ரஹீமின் நூதன முறைகளை ஏட்டில் வரைந்து பள்ளிப் பாடம்போல் அடுத்த தலைமுறைக்குத் தரக் கழகங்கள் முனையவில்லை. ஒரு வாத்தியாரின் தலைக்குள் இருந்த பரம்பரை அவரோடு போயிற்று.

மகன் சையத் ஷாகித் ஹக்கீம் 1960 ஒலிம்பிக் அணியில் இருந்தார். பன்னாட்டு நடுவராகவும் விளங்கி 2021இல் மறைந்தார். ஜகார்த்தாவின் முன்களத்து மூவரில் பி. கே. பானர்ஜியும் சுனி கோஸ்வாமியும் 2020இல் சில வாரங்கள் இடைவெளியில் காலமாயினர். ரஹீமின் வாழ்வைச் சொல்லும் இந்தித் திரைப்படம் 2024இல் திரைக்கு வந்தபோது மூன்றாமவரும் இல்லை. ஒரு ரூபாய் வாடகைச் சைக்கிளில் அம்முகூடாவிலிருந்து வந்த பலராமன், வங்காளத்தில் ஹூக்ளி ஆற்றங்கரை ஊரான உத்தரபாராவில் தனியே வாழ்ந்து, 2023 பிப்ரவரி 16ஆம் நாள் கண்மூடினார்.